'ஜல்தி' என்னும் ஆங்கிலச் சொல்

பனித்திட்டிலிருந்து நாள்தோறும் புதுவைக்குச் சென்று கல்லூரியில் ஆங்கில இலக்கியம் பயிலும் மாணவர் ஒருவர், சென்ற மாதம் ஒரு மாலைப் பொழுதில் எம்மைக் காண வந்தார். பள்ளிப் பருவத்தில் எம்மிடம் தமிழ் படித்தவர். கடல் தொழில் செய்யும் குடும்பத்துப் பிள்ளை. தடித்த ஆங்கில அகராதி ஒன்றைக் கையில் வைத்திருந்தார்.

"ஐயா, இதைப் பாருங்கள். இது ஆங்கிலச் சொல்லாம். எங்கள் அப்பா தினமும் கரையில் நின்று கத்துகிற சொல் இது" என்று ஒரு பக்கத்தை விரித்துக் காட்டினார்.

எம் ஆங்கிலப் பயிற்சி சிறிது. அவரே வாசித்துப் பொருள் கூறினார். 'ஜில்டி' என்பது சொல். விரைவு என்றும் விரைவாக என்றும் பொருள். இந்தியாவில் இருந்த பிரிட்டிஷ் படைவீரரின் கொச்சை வழக்கு, இந்தியிலிருந்து வந்தது என்று குறிப்பிட்டிருந்தது. பெயராகவும் வரும், வினையடையாகவும் வரும். இக்காலத்தில் ஆங்கிலேயருள் பெரும்பாலோர் அறியாத சொல்.

"அப்படியானால் எங்கள் அப்பா பேசுவது ஆங்கிலமா? அல்லது வெள்ளைக்காரன் எங்கள் அப்பாவின் மொழியைப் பேசினானா?" என்று வினவினார். இருவரும் பாரசீகம் பேசினார்கள் என்று சொல்லி நகைத்தோம். ஆனால் அவர் சென்ற பிறகும் அவ்வினா எம்மை விடவில்லை. எண்ணியவற்றை வாசகர் முன் வைக்கின்றோம்.

பாரசீகத்தில் 'ஜல்த்' என்றால் சுறுசுறுப்பானவன், விரைவானது என்று பொருள். அதன் இறுதியில் ஈகாரம் சேர்ந்தால் பண்புப்பெயர் பிறக்கும். 'தோஸ்த்' என்பவன் நண்பன். 'தோஸ்தீ' என்பது நட்பு. அதுபோல் 'ஜல்த்' என்பதிலிருந்து விரைவு என்னும் பொருளுடைய 'ஜல்தீ' தோன்றிற்று. அரபியிலும் 'ஜல்த்' என்று ஒரு சொல் உண்டு. அது உரமும் தாங்கும் ஆற்றலும் உடையவனைக் குறிக்கும். தோலைக் குறிக்கும் 'ஜில்து' அதே மூவெழுத்து வேரில் பிறந்தது. நம் மதரஸாக்களில் கிதாபுகளை 'முதல் ஜில்து', 'இரண்டாம் ஜில்து' என்று எண்ணுகின்றோமே, அதுவும் தோலட்டை வழியாக வந்த பெயரே. அரபியரின் ஜல்த் பாரசீகம் சென்று, அடியைத் தாங்கவல்லவன் என்பதிலிருந்து சுறுசுறுப்பானவன் என்னும் பொருளுக்கு நகர்ந்தது என்பது எம் கருத்து. இதனை மறுப்போர் இருப்பின் அவர்களோடு வழக்காடும் எண்ணம் எமக்கில்லை.

இந்துஸ்தானியின் குறுகிய அகரம் ஆங்கிலேயரின் செவிக்கு வேறாகப் பட்டது. அவர்களுள் சிலர் அதனை 'ஜுல்டீ' என்று எழுதினர். பாசறையில் அது 'ஜில்டி' ஆயிற்று. அரபி அறிந்தவர்க்கு இங்கே ஒரு வேடிக்கை உண்டு. 'ஜில்தீ' என்றால் அரபியில் 'என் தோல்'. வெள்ளைக்காரச் சிப்பாய் ஒருவன் அரபியர் ஒருவரைப் பார்த்து 'ஜில்டி! ஜில்டி!' என்று கூவியிருப்பின், இவன் தன் தோலுக்கு என்ன நேர்ந்ததென்று இப்படி அலறுகிறான் என அவர் திகைத்திருப்பார்.

நிற்க. ஒரு சொல்லை இரவல் வாங்குவோர் அதனை எவ்வாறு நடத்துகின்றனர் என்பது நோக்கத்தக்கது. அரபியில் வினையை விளக்க வேண்டுமாயின் ஒரு பெயரை எடுத்து அதன் இறுதிக்கு நஸ்பு கொடுத்தால் போதும். 'சரீஅன்' என்றால் விரைவாக. 'ஃபௌரன்' என்றால் உடனே. பின்னதன் வேர் கொதித்தலைக் குறிப்பது. கொதி அடங்குமுன் என்று சொல்வது போன்றது. தமிழில் அவ்வேலையை 'ஆக' என்பதும் 'ஆய்' என்பதும் செய்கின்றன. ஜல்தி நம் நாட்டுக்கு வந்தபோது தமிழர் அதனை 'ஜல்தியாக', 'ஜல்தியாய்' என்று வழங்கினர். அது பெயர்ச்சொல் என்பதைப் பாரசீக இலக்கணம் ஒரு நாளும் படித்திராத நாவு அறிந்து, அதற்குரிய உறுப்பைச் சேர்த்துக்கொண்டது! ஆங்கிலமோ முதலில் பெயராகவே எடுத்துக்கொண்டு, பின்னர் தன் வழக்கமான வினையடை விகுதி எதனையும் சேர்க்காமல் அப்படியே கட்டளையாக வீசிற்று.

இச்சொல் தமிழகத்துக்கு ஆங்கிலேயர் வழியாக வந்ததன்று. 1690ஆம் ஆண்டில் முகலாயப் படை செஞ்சிக் கோட்டையை முற்றுகையிட்டது; 1698இல் கோட்டை வீழ்ந்தது. அதன்பின் ஆர்க்காட்டு நவாபுகளின் ஆட்சி வேரூன்றியது. ஏடுகளில் பாரசீகமும், படையிலும் கடைத்தெருவிலும் தக்கனியும் வழங்கின. அமுல், தாக்கீது, வசூல், ரத்து, பாக்கி, ஆஜர் ஆகியவை ஏட்டின் வழியே வந்தவை. ஜல்தி, சபாஷ் போன்றவை வாயின் வழியே வந்தவை.

பனித்திட்டு மாணவரின் ஊருக்கு அருகிலேயே இதற்குச் சான்றாக ஒரு களம் உண்டு. 1752ஆம் ஆண்டில் பாகூரில் ஆங்கிலேயரின் படைத்தலைவர் லாரன்ஸும், தூப்ளேயின் மருகரான கெர்ஜானும் மோதினர். போர் இரண்டு ஐரோப்பியக் கும்பினிகளுடையது. ஆயினும் இரு படைகளிலும் ஐரோப்பியரைவிட நம் நாட்டுச் சிப்பாய்களே மிகுதி. சிப்பாய் என்பதே 'சிபாஹீ' என்னும் பாரசீகச் சொல்தான். பிரெஞ்சுக்காரரும் அதனைத் தம் மொழியில் ஏற்றுக்கொண்டனர். தம் மொழி அறியாத ஆயிரக்கணக்கானோரை ஏவி நடத்த வேண்டிய தேவை இத்தகைய படைகளில்தான் வெள்ளையருக்கு ஏற்பட்டது. வா, போ, கொண்டுவா, விரைவாக என்னும் நான்கு சொற்களை ஒருவன் முதலில் கற்பான்.

பிரெஞ்சுப் படையில் பணியாற்றி ஓய்வூதியம் பெற்றுவந்த முதியவர் ஒருவரிடம், அங்கே விரைவுக்கு என்ன சொல் என்று முன்னொரு நாள் கேட்டோம். 'வீத்' என்றார். அதைச் சொல்லும்போது அவர் முதுகு நிமிர்ந்தது. அடுத்த நொடியே வாயிலில் நின்ற பேரனைப் பார்த்து, "தேத்தண்ணி கொண்டா, ஜல்தியா!" என்றார்.

ஆங்கிலத்தில் இச்சொல்லுக்கு நிலைத்த இடம் தேடித் தந்தவர் கவிஞர் கிப்ளிங். 1890இல் அவர் வெளியிட்ட 'கங்கா தீன்' என்னும் பாடலில் ஜல்தி வருகின்றது. மாணவர் அதனை எமக்குப் படித்து விளக்கினார். கங்கா தீன் ஒரு பிஸ்தி. ஆட்டுத்தோல் பையில் நீர் சுமந்து படைவீரர்க்கு ஊட்டுபவன். கொளுத்தும் வெயிலில் வீரர்கள் அவனை வசைபாடி அழைக்கின்றனர். ஜல்தி காட்டு, இல்லையேல் அடி விழும் என்று மிரட்டுகின்றனர். எல்லோருக்கும் அவனால் நீர் தர இயலாதபோது அடிக்கவும் செய்கின்றனர். இறுதியில் காயமுற்றுக் கிடந்த வீரனுக்கு நீர் தந்து, அவனைத் தூக்கிச் சென்று டோலியில் சேர்க்கும் வேளையில் குண்டு பாய்ந்து கங்கா தீன் மடிகின்றான். அவனே தன்னினும் மேலானவன் என்று வீரன் ஒப்புக்கொள்வதோடு பாடல் முடிகின்றது. பெயரின் பின்பாதி நமக்கு அரபிச் சொல்லாக ஒலித்தாலும், வடநாட்டில் இந்துக்களிடையே வழங்கும் பெயர்தான் அது. ஆயினும் பிஸ்தித் தொழிலை வடநாட்டில் பெரும்பாலும் முஸ்லிம்களே செய்துவந்தனர்.

பிஸ்தி என்னும் பெயரையும் சற்றுக் கவனிக்க வேண்டும். பாரசீகத்தில் 'பிஹிஷ்த்' என்றால் சுவனம். 'பிஹிஷ்தீ' என்றால் சுவனத்தைச் சேர்ந்தவன். தாகத்துக்கு நீர் தருபவனுக்கு அம்மக்கள் இட்ட பெயர் அது. 1539இல் சௌஸாப் போரில் ஷேர் கானிடம் தோற்று கங்கையில் தத்தளித்த பேரரசர் ஹுமாயூனைக் காற்றடைத்த தன் தோல் பையின் உதவியால் கரை சேர்த்தவர் நிஜாம் என்னும் தண்ணீர் சுமப்பவர். நன்றி மறவாத ஹுமாயூன் பின்னர் அவரைச் சிறிது காலம் தம் அரியணையில் அமர்த்தினார். அரச குடும்பத்தார் சிலர் முகம் சுளித்தனர் என்பது வேறு கதை. சுவனத்துக்குரியவன் என்று பெயர் பெற்ற ஒரு தொழிலாளியை நோக்கித்தான் ஜில்டி என்னும் சொல்லைப் பட்டாளத்தார் எறிந்தனர்.

இதனைக் கேட்டபோது எமக்குச் சினம் வந்தது. ஆனால் அச்சினத்தை முழுவதும் அவர்கள்மீது செலவிட எம்மால் இயலவில்லை. ஏனெனில் பல ஆண்டுகளுக்கு முன், சிற்றூர் ஒன்றின் மதரஸாவில் யாம் ஓதிக்கொடுத்த காலத்தில், உளூச் செய்வதற்குக் கிணற்றிலிருந்து நீர் இறைத்து வரும் பொறுப்பைப் பத்து வயதுச் சிறுவன் ஒருவனிடம் விட்டிருந்தோம். தொழுகை நேரம் நெருங்கும்போது திண்ணையில் அமர்ந்தபடியே "ஜல்தி! ஜல்தி!" என்று குரல் கொடுப்போம். ஒரு நாள் பாசி படிந்த படிக்கல்லில் அவன் குடத்தோடு வழுக்கி விழுந்தான். முழங்காலில் தோல் உரிந்திருந்தது. எழுந்தவன் எம்மிடம் வந்து, "ஹஜரத், குடம் உடையலை" என்றான். அவனை யாம் அடித்ததில்லை, அன்றும் அடிக்கவில்லை. ஆனால் அவன் முதலில் காலைப் பற்றிச் சொல்லாமல் குடத்தைப் பற்றிச் சொன்னதன் காரணம், திண்ணையிலிருந்து போன எம் குரல்தான். பாடலைக் கேட்டுக்கொண்டிருக்கையில் அம்முழங்காலே எம் கண்முன் நின்றது.

மாணவர் கேட்ட மற்றொரு கேள்விக்கு வருவோம். இச்சொல் ஆங்கிலத்தில் ஏன் அருகிற்று? 1948 பிப்ரவரி 28 அன்று சாமர்செட் காலாட்படையின் முதல் பட்டாளம் பம்பாய்த் துறையில் கப்பலேறியது. இந்திய மண்ணை விட்டகன்ற கடைசி பிரிட்டிஷ் பட்டாளம் அதுவே. அவர்கள் கொண்டுசென்ற இந்துஸ்தானிச் சொற்களுள் சில அங்கே நன்றாக வாழ்கின்றன. நம் 'குஷி' அங்கே எளிதான வேலையைக் குறிக்கும் 'குஷி'யாயிற்று. 'தேக்கோ' என்பது ஒரு பார்வை பார்ப்பதைக் குறிக்கின்றது. அரபி 'விலாயத்' என்பதிலிருந்து வந்த 'பிளைட்டி' அவர்களுக்குத் தாய்நாட்டின் செல்லப்பெயர். ஜில்டி மட்டும் முன்னாள் வீரர்களின் நாவோடு பெரும்பாலும் அடங்கிப்போனது. காரணம் எமக்கு இவ்வாறு தோன்றுகின்றது: பார்ப்பதற்கும் மகிழ்வதற்கும் ஊரை நினைப்பதற்கும் ஒருவன் தனியே இருந்தால் போதும். ஜில்டி என்று சொல்ல, ஏவல் கேட்க எதிரே ஓர் ஆள் வேண்டும். அந்த ஆள் இந்தியாவிலேயே தங்கிவிட்டான்.

ஆயினும் பேரரசு வீழ்ந்தால்தான் இத்தகைய சொற்கள் வழக்கொழியும் என்று கருத வேண்டா. தொல்காப்பியர் உரியியலில் கதழ்வு, துனைவு என்னும் இரண்டையும் விரைவுப் பொருளுடையவையாகக் கூறுகின்றார். இன்று எவரேனும் 'துனைந்து வா' என்றால் யார் வருவார்? 'ஒல்லை', 'வல்லே' என்பவை விரைவாக என்னும் பொருளில் பழஞ்செய்யுளில் பயின்றவை. இன்று புலவர் வகுப்பறைக்கு வெளியே அவை இல்லை. விரைவுச் சொற்களுக்கு இது ஒரு விதி போலும். உடனே என்று வாக்களித்துவிட்டு மனிதர் தாழ்ப்பதால் அவற்றின் கூர் மழுங்குகின்றது. ஆங்கிலத்தில் 'சூன்', 'பிரசன்ட்லி' ஆகிய இரண்டும் ஒரு காலத்தில் 'இந்நொடியே' என்று பொருள்பட்டவை. இன்று அவை சற்று நேரம் கழித்து என்றே பொருள்படும். நம் தையற்காரரின் 'இதோ ஆயிற்று' என்பதை அறிந்தோர்க்கு இதனை விளக்க வேண்டியதில்லை. பழைய சொல் மழுங்கிய இடத்தில் புதிய சொல் வந்து அமர்கின்றது. ஜல்தி தமிழில் அமர்ந்தது அவ்வாறே.

அமர்ந்த பின் அது நம் இல்லங்களில் வேறு குணம் பெற்றது. ரமளான் பின்னிரவில், பாங்குக்குச் சில நிமிடங்களே இருக்கும்போது உம்மா வந்து போர்வையை இழுத்து, "ஜல்தியா எழுந்திரு கண்ணு, ஸஹர் நேரம் போகுது" என்று சொன்ன குரல் இதனைப் படிக்கும் பலரின் காதில் இன்றும் இருக்கும். அங்கும் அது ஏவல்தான். ஆனால் அவர் உறங்காமல் விழித்துச் சோறாக்கி வைத்துவிட்டு வந்து சொல்லும் ஏவல்.

மாணவருக்கு இவற்றையெல்லாம் கூறும்பொருட்டுச் சென்ற வாரம் பனித்திட்டுக்கே போயிருந்தோம். காலைப் படகுகள் கரையேறும் நேரம். அவருடைய தந்தையார் மணலில் நின்று ஆட்களை அழைத்துக்கொண்டிருந்தார். விரைவைக் காட்டும் சொல் மூன்று முறை வரை அடுக்கி வரலாம் என்பது தொல்காப்பியர் வகுத்த வரம்பு. இதனை மாணவரிடம் சொன்னோம். உடனே அவர் வாய்க்குள் எண்ணத் தொடங்கினார். தந்தையார் ஒரே மூச்சில் ஐந்து முறை 'ஜல்தி' என்றார். ஐந்தாவது முறை சொல்லும்போது தாமும் ஓடிச்சென்று படகில் தோள் கொடுத்தார். மாணவர் அகராதியை எம் கையில் கொடுத்துவிட்டு அவர் பின்னே ஓடினார்.