தண்ணீர்மலையும் ஒரு வால்வும்

பாத்திரம் கழுவும் இயந்திரத்தில் தண்ணீர் உள்ளே வரும் வால்வு பெரும்பாலும் அடியில்தான் இருக்கும். தரையை ஒட்டிய தகட்டைக் கழற்றினால், குழாய் வந்து சேருமிடத்தில், உள்ளங்கைக்குள் அடங்கும் ஒரு பிளாஸ்டிக் சாமான். அதன் தலையில் செம்புக் கம்பிச் சுருள், வாயில் சிறு சல்லடை.

சுங்கை பினாங்கில் எங்கள் அடுக்குமாடி வீட்டு இயந்திரம் ஒரு நாள் 'உம்'முன்னு முனகிச்சு, தண்ணி மட்டும் வரல. பிளக்கைப் பிடுங்கி, குழாயை அடைத்துவிட்டு வால்வைக் கழற்றினேன். சல்லடை நிறைய துருப்பொடி. கழுவி மாட்டியதும் ஓடியது. ஆனால் கையில் கிடைத்த சாமானை அப்படியே விட மனம் வரவில்லை.

மின்சாரம்தான் வால்வைத் திறக்கிறது என்று நினைப்போம். அந்தச் சுருளுக்கு அவ்வளவு வலு கிடையாது. உள்ளே ஒரு ரப்பர் சவ்வு, அதன் நடுவில் ஊசித்துளை. சுருளில் மின்சாரம் பாய்ந்ததும் அந்தத் துளையை மூடியிருக்கும் சிறு இரும்புத் தண்டு மேலே எழும்பும். சவ்வுக்கு மேலே நிற்கும் தண்ணீர் துளை வழியே வடியும். கீழிருந்து தள்ளும் தண்ணீர் சவ்வைத் தூக்கிவிடும். மின்சாரம் நின்றதும் தண்டு இறங்கித் துளையை அடைக்கும். ஓரத்துச் சிறு துளை வழியாக மேலே மறுபடி தண்ணீர் நிரம்பி, சவ்வை அழுத்தி மூடும். திறப்பதும் மூடுவதும் தண்ணீரின் அழுத்தமே. மின்சாரம் சைகை காட்டுகிறது, அவ்வளவுதான்.

அழுத்தம் என்பது உயரம். பத்து மீட்டர் உயரத் தண்ணீர் ஏறத்தாழ ஒரு பார். பல இயந்திரங்கள் குறைந்தது 0.3 அல்லது 0.5 பார் கேட்கும். மொட்டைமாடித் தொட்டிக்கு நேர் கீழே குடியிருப்பவர் வீட்டில் புது இயந்திரமும் திணறுவது இதனால்தான்.

பினாங்குத் தமிழர் அருவி விழும் அந்தக் குன்றுக்குத் 'தண்ணீர்மலை' என்று பேர் வைத்திருக்கிறார்கள். தைப்பூசத்துக்கு நடக்கும்போது நாம் அந்தப் பெயரை யோசிப்பதில்லை. ஒரு பொறியாளனுக்கு அது குடிநீர் விநியோகத்தின் முழு விளக்கம்: தண்ணீர், மலை. 1804-05இல் இங்கே ஆளுநராக இருந்த ஃபார்குவார் காலத்தில் அருவி நீரை ஊருக்குக் கொண்டுவரச் செங்கல் கால்வாய் கட்டினார்கள். திறந்த கால்வாயில் தண்ணீர் ஓடும், ஆனால் மாடியேறாது. மூடிய குழாயும் உயரத்தில் ஒரு தேக்கமும் சேர்ந்தால்தான் மலையின் வலு சமையலறை வரை வரும். 1929இல் கில்லமார்ட் நீர்த்தேக்கம் வந்தது. 1962இல் ஆயர் ஈத்தாம் அணை.

குழாய் வீட்டுக்கு வராத காலத்தில் மனிதர்தான் தண்ணீரிடம் போனார்கள். ஆயர் ஈத்தாம் ஆற்றங்கரையில் தமிழ்ச் சலவைத் தொழிலாளர் துவைத்த இடம் 'வண்ணான் துறை'. அந்த ஆறுதான் கீழே வந்து சுங்கை பினாங்கில் கலக்கிறது. இன்று எங்கள் வீட்டுப் பக்கம் அது ஓடும் நிறத்தைப் பார்த்தால், இதில் யாரும் துணி நனைத்திருப்பார்கள் என்று நம்பவே முடியாது. அழுக்கை நீக்கும் வேலையை இயந்திரம் எடுத்துக்கொண்டது. அழுக்கு ஆற்றோடு தங்கிவிட்டது.

மலைத் தண்ணீர் இப்போது தீவுக்குப் போதாது. கெடாவிலிருந்து வரும் மூடா ஆற்று நீரைச் சுங்கை டுவாவில் சுத்திகரித்து, கடலடிக் குழாய் வழியே இங்கே அனுப்புகிறார்கள். பெரும்பகுதி உயரத்தைப் பம்புகள்தான் தருகின்றன. 2024 ஜனவரி 10 முதல் 14 வரை, அந்த ஆலையில் 1,200 மில்லிமீட்டர் வால்வுகளை மாற்றுவதற்காக மாநிலம் முழுக்கத் தண்ணீர் தடைப்பட்டது. பாதிப்புக்குள்ளாவோர் என அறிவிக்கப்பட்ட பயனீட்டாளர்கள் ஏறத்தாழ 590,000. வாளி, பீப்பாய், தண்ணீர் லாரி என்று நாம் மறுபடி தண்ணீரைத் தேடிப் போனோம்.

வீட்டு வால்வு கெட்டால் காசு கொடுத்து மாற்றிக்கொள்ளலாம். அதைத் திறக்கும் அழுத்தத்தை எந்தக் கடையிலும் விற்பதில்லை. அது மலையிலும், அண்டை மாநிலத்து ஆற்றிலும், இருநூறு ஆண்டுகளாக ஊர்ப்பணத்தில் புதைத்த குழாய்களிலும் இருக்கிறது. பினாங்கில் கோயில் வரலாறும் தெரு வரலாறும் எழுதியிருக்கிறோம். குழாய் வரலாற்றையும் யாராவது எழுதணும்.