கணினிக்குள் வளர்ந்த மரம்

கணினியில் ஒரு மேஜையை வரைவது சுலபம். நாலு கால், ஒரு பலகை, அளவு கொடுத்தால் போதும். மரம் அப்படியில்லை. ஒரு வேப்பமரத்தின் ஒவ்வொரு இலைக்கும் இடம், திசை, அளவு என்று யார் உட்கார்ந்து சொல்வது? சொன்னாலும் அந்தக் காலத்துக் கணினி நினைவகம் அதைத் தாங்காது.

இதற்கு வழி ஓர் உயிரியலாளரிடமிருந்து வந்தது. ஹங்கேரியில் பிறந்த அரிஸ்டிட் லிண்டன்மேயர் வரைகலைக்காரர் அல்ல. பாசி போன்ற எளிய உயிர்களில் செல்கள் பெருகுவதை விளக்க 1968-ல் ஒரு முறையை வெளியிட்டார். அதைத் தமிழ் எழுத்தில் இப்படிச் சொல்லலாம்: 'அ' இருந்தால் 'அஆ' ஆக்கு, 'ஆ' இருந்தால் 'அ' ஆக்கு. எல்லா எழுத்தையும் ஒரே நேரத்தில் மாற்ற வேண்டும். அவ்வளவுதான் விதி. அ, அஆ, அஆஅ, அஆஅஅஆ என்று தானாக வளரும். எண்ணிப் பாருங்கள்: 1, 2, 3, 5. அடுத்தது 8!

இதில் 'இங்கே கிளை பிரி' என்ற குறியையும் சேர்த்தால் செடி கிடைத்துவிடும். 1984-ல் லூகாஸ்ஃபிலிமில் இருந்த ஆல்வி ரே ஸ்மித் இந்த விதிகளை வைத்துச் செடிகளின் படங்களை உருவாக்கிக் காட்டினார். சேமிக்க வேண்டியது சில வரி விதி மட்டுமே. சின்ன முதல், பெரிய வரவு!

அதே ஆண்டு, அதே நிறுவனத்தின் 'ஆண்ட்ரே அண்ட் வாலி பி' குறும்படத்தில் வில்லியம் ரீவ்ஸ் ஒரு காட்டையே உருவாக்கினார். இலைகள் எல்லாம் சின்னச் சின்னத் துகள்கள். ஒவ்வொரு இலையின் நிழலையும் கணக்கிடுவது ஆகாத காரியம். அதனால் மரத்துக்குள் எவ்வளவு ஆழத்தில் இலை இருக்கிறது என்பதை வைத்து, வெளிச்சத்தை உத்தேசமாக முடிவு செய்தார்.

1995-ல் ஜேசன் வெபர், ஜோசப் பென் இருவரும் இன்னும் துணிந்தார்கள். மரம் எப்படி வளர்கிறது என்ற தாவரவியலையே ஓரமாக வைத்துவிட்டு, பார்வைக்கு எப்படித் தெரிகிறது என்பதை மட்டும் எடுத்துக்கொண்டார்கள். கிளையின் கோணம், நீளம், வளைவு எல்லாம் வெறும் எண்கள். மரம் தூரத்தில் இருந்தால் கிளை ஒரு கோடு, இலை ஒரு புள்ளி.

லிண்டன்மேயர் தேடியது வளர்ச்சியின் விதியை. பின்னால் வந்தவர்கள் தேடியது கண் எதை விசாரிக்காது என்பதை. திரையில் ஒரு காட்டைப் பார்த்து 'நிஜம் மாதிரியே இருக்கே' என்று வியக்கிறோமே, அதில் பாதி வெற்றி வரையாமல் விட்டதில் இருக்கிறது.