‘எல்லாம் எங்கே?’ என்று பெயர் வாங்கிய ஃபைல்

புது கேம் ஒன்றை டவுன்லோடு செய்யப் போகும்போது ‘இடம் போதாது’ என்று கம்ப்யூட்டர் சொன்னால்தான் நமக்கு அந்த நினைப்பே வருகிறது. இதுவரை போட்டு வைத்த கேம்கள் எல்லாம் எங்கே கிடக்கின்றன? டெஸ்க்டாப்பில் இருக்கும் சின்னப் படம் வாசல்தான். வீடு வேறெங்கோ இருக்கிறது. அதைத் தேடிச் சி டிரைவுக்குள் இறங்கி, புரியாத பெயருள்ள ஃபோல்டர்களைத் திறந்து மூடி, பாதியில் கைவிட்டவர்கள் ஏராளம்.

இந்தக் கேள்வியையே தன் பெயராகக் கொண்ட ஒரு ஃபைல் உண்டு. அதன் பெயர் வாட். ‘வேர் இஸ் ஆல் த டேட்டா’, அதாவது ‘தரவு எல்லாம் எங்கே’ என்பதன் முதலெழுத்துகள் சேர்ந்த பெயர். ஒரு விளையாட்டின் சரக்கை எங்கே வைப்பது, யார் தொடலாம், யார் மாற்றலாம் என்ற பேச்சு முழுவதையும் அந்த ஃபைல் ஒன்றிலிருந்தே தொடங்கலாம் என்று நான் நினைக்கிறேன்.

அது பிறந்த இடம் அமெரிக்காவின் டெக்ஸாஸ் மாநிலம், மெஸ்கீட் என்னும் ஊர். டவுன் ஈஸ்ட் டவர் என்ற கறுப்புக் கட்டடத்தில் இட் சாஃப்ட்வேர் என்ற சிறு நிறுவனம் ‘டூம்’ என்ற விளையாட்டை உருவாக்கிக்கொண்டிருந்தது. நிரல் எழுதிய ஜான் கார்மாக், கேமின் தரவை எல்லாம் அடக்கி வைக்கும் ஃபைலுக்கு என்ன பின்னொட்டு வைக்கலாம் என்று உடன் வேலை செய்த டாம் ஹாலைக் கேட்டார். ஹால் சொன்ன பதில்தான் வாட். ஆங்கிலத்தில் அந்தச் சொல்லுக்குக் கட்டு, பொட்டலம் என்றும் பொருள் உண்டு என்பதால் பெயர் இரண்டு வழியிலும் பொருந்திவிட்டது. பெயர் சூட்டிய ஹால், 1993 ஆகஸ்டில் நிறுவனத்தை விட்டு வெளியேறினார். டூம் வெளிவந்தது அதே ஆண்டு டிசம்பர் 10-ல்.

அப்படி ஒரு பொட்டலம் ஏன் தேவைப்பட்டது? அதற்கு முந்தைய ஆண்டுக்குப் போக வேண்டும். 1992 மே மாதம் இதே நிறுவனம் வெளியிட்ட ‘வுல்ஃபென்ஸ்டைன் 3டி’யின் தரவு எட்டு ஃபைல்களில் பிரிந்து கிடந்தது. வரைபடங்களுக்கு ஒன்று, அவை எங்கே தொடங்குகின்றன என்று சொல்ல ஒன்று, சுவர்களுக்கும் ஆட்களுக்கும் ஒன்று, ஒலிக்கு ஒன்று என்று. எது எங்கே இருக்கிறது என்று யாரும் எழுதித் தரவில்லை. ஆனாலும் ரசிகர்கள் அவற்றைக் கிண்டிக் கிளறிக் கண்டுபிடித்தார்கள். தாங்களே புது அறைகள் கட்டினார்கள். எதிரி ஒருவன் நிற்க வேண்டிய இடத்தில், குழந்தைகள் தொலைக்காட்சியில் வரும் பார்னி என்ற ஊதா நிற டைனோசரைக் கொண்டுவந்து நிறுத்தினார் ஒருவர். நிறுவனத்துக்குள் சிலருக்கு இதில் தயக்கம் இருந்தது. கார்மாக்கும் உடன் வேலை செய்த ஜான் ரொமேரோவும் மகிழ்ந்துபோனார்கள்.

இதில் ஒரு சங்கடம் இருந்தது. புது அறை கட்ட வேண்டுமானால் பழைய அறையை இடித்தாக வேண்டும். மூல ஃபைலின் மேலேயே எழுத வேண்டும். நகல் எடுத்து வைக்க மறந்தால் காசு கொடுத்து வாங்கிய கேம் போய்விடும். திரும்ப இன்ஸ்டால் செய்வதைத் தவிர வழி இல்லை.

டூம் இதைத் தீர்த்த விதத்தை நினைக்கும்போதெல்லாம் எனக்கு வியப்பு குறைவதில்லை. ஓடும் நிரல் ஒரு ஃபைல், சுமார் 700 கிலோபைட். ஓட்டப்படும் உலகம் இன்னொரு ஃபைல். இலவசமாகப் பகிரக் கொடுத்த முதல் பாகத்தின் வாட், 1.9 பதிப்பில் 41,96,020 பைட். சுவர், வானம், துப்பாக்கிச் சத்தம், பாபி பிரின்ஸின் இசை என 1,200-க்கும் மேற்பட்ட துண்டுகள் அதற்குள் அடுக்கியிருக்கின்றன. அதன் முதல் 12 பைட்டைப் படித்தால் போதும். முதல் நான்கு, இது எந்த வகை வாட் என்று சொல்கின்றன. அடுத்த நான்கு, உள்ளே எத்தனை துண்டுகள் என்கின்றன. கடைசி நான்கு, பட்டியல் எங்கே இருக்கிறது என்று காட்டுகின்றன. பட்டியலில் துண்டு ஒன்றுக்கு 16 பைட்: எங்கே தொடங்குகிறது, எவ்வளவு நீளம், எட்டெழுத்துக்குள் ஒரு பெயர். ‘எல்லாம் எங்கே’ என்ற கேள்விக்கு அந்த ஃபைலே தன் மடியில் பதிலை வைத்துக்கொண்டிருந்தது.

அந்தப் பட்டியலில் ஒரு நுணுக்கம் எனக்கு மிகவும் பிடிக்கும். முதல் பாகத்தின் முதல் களத்துக்கு ‘ஈ1எம்1’ என்று பெயர். பட்டியலில் அந்தப் பெயருக்கு நேரே பார்த்தால் அளவு பூஜ்யம். அதில் ஒன்றுமே இல்லை. ஊர் எல்லையில் நட்ட பெயர்ப்பலகை மாதிரி, அது வெறும் பெயர். அதைத் தாண்டினால் அடுத்த பத்துத் துண்டுகளும் அந்த ஊருக்குச் சொந்தம்: எந்தப் பேய் எங்கே நிற்கிறது, சுவர்க்கோடுகள் எப்படிப் போகின்றன, அவற்றின் முனைகள் எங்கே சேர்கின்றன, எந்தத் தளம் எவ்வளவு உயரம்.

வாட் இரண்டு வகையாகப் பிறந்தது. கேமோடு வருவது ஐவாட். ரசிகர் செய்து மேலே வைப்பது பிவாட். நிரலை ஓட்டும்போது ஒரு சிறு கட்டளையோடு பிவாட்டின் பெயரைக் கொடுத்தால், அதன் துண்டுகள் பட்டியலின் கடைசியில் போய்ச் சேரும். நிரல் எந்தப் பெயரைத் தேடினாலும் பட்டியலைக் கடைசியிலிருந்துதான் பார்க்கத் தொடங்கும். ஆகவே புதிதாக வந்தது முதலில் கண்ணில் படும். பழையது அழியாமல் கீழே இருக்கும். கட்டளை இல்லாமல் ஓட்டினால் பழைய விளையாட்டு அப்படியே திரும்ப வரும். இடித்துக் கட்ட வேண்டிய தேவை அன்றோடு ஒழிந்தது. ஒரே ஒரு நிபந்தனைதான் விதித்தார்கள். இலவசப் பதிப்பில் பிவாட் போட முயன்றால் நிரல் மறுத்து, பணம் கட்டிப் பதிவு செய்யச் சொல்லும். இது நியாயமான பேரம் என்பேன்.

அதன்பின் நடந்தது வெள்ளம். 1994 ஜனவரியிலேயே நியூசிலாந்தைச் சேர்ந்த பிரெண்டன் வைபரும் பெல்ஜியத்தைச் சேர்ந்த ரஃபாயல் கினேயும் டூம் களங்களைத் திருத்தும் டெயு என்ற கருவியைக் கொடுத்துவிட்டார்கள். அந்த ஆண்டிலேயே ஜஸ்டின் ஃபிஷர் என்பவர் டூமை முழுக்க மாற்றி ‘ஏலியன்ஸ்’ திரைப்பட உலகமாக்கினார். 1996-ல் ரசிகர்கள் செய்த இரண்டு வாட்களையே இட் நிறுவனம் ‘ஃபைனல் டூம்’ என்று கடைக்குக் கொண்டுவந்தது.

1997 டிசம்பர் 23-ல் கார்மாக் டூமின் மூல நிரலையும் உலகுக்குத் திறந்துவிட்டார். வாட்டைக் கொடுக்கவில்லை. அது விற்பனைச் சரக்கு. லினக்ஸுக்காக எழுதிய அந்த நிரலில் ஒரு வரி, கம்ப்யூட்டரிடம் ‘டூம்வாட்டிர்’ என்ற பெயரில் ஏதாவது ஃபோல்டர் குறித்து வைத்திருக்கிறாயா என்று கேட்கிறது. குறித்திருந்தால் அங்கே போய், இல்லாவிட்டால் நிற்கும் இடத்திலேயே, எந்தெந்த வாட் இருக்கிறது என்று ஒவ்வொன்றாகத் தேடிப் பார்க்கிறது. டூம் இரண்டாம் பாகம் உண்டா? ஃபைனல் டூமின் புளூட்டோனியா உண்டா? கடைசியாக, இலவசப் பாகமாவது உண்டா? சரக்கு எங்கே இருக்கிறது என்று தீர்மானிக்கும் உரிமை விளையாடுகிறவரிடம் இருக்கிறது. நிரல் அவரிடம் கேட்டுத் தெரிந்துகொள்கிறது. நான் இன்று தேடித் தவிப்பது அந்த உறவைத்தான்.

வாட்டின் வாரிசுகள் பல. 1996-ல் இட் வெளியிட்ட ‘குவேக்’ பாக் என்ற வடிவத்தை எடுத்துக்கொண்டது. பெயருக்கு எட்டெழுத்து போதாமல் 56 பைட் ஒதுக்கி, ஃபோல்டர் பாதையையும் பெயருக்குள்ளேயே எழுதியது. 1999-ல் வந்த ‘குவேக் 3’, ஜிப் ஃபைலையே எடுத்து வேறு பின்னொட்டு சூட்டிக்கொண்டது. குவேக் இன்ஜினை வாங்கி ‘ஹாஃப்-லைஃப்’ செய்த வால்வ் நிறுவனம் 2003 செப்டம்பர் 12-ல் கேம்களை இணையம் வழியே கொடுக்கும் ஸ்டீமைத் தொடங்கியபோது, ஜிசிஎஃப் என்ற பெரிய பொட்டலங்களுக்குள் தன் கேம்களை வைத்தது. 2013-ல் அந்த முறையைக் கைவிட்டு, ஸ்டீம்ஆப்ஸ் ஃபோல்டருக்குள் காமன், அதற்குள் கேமின் பெயரில் ஒரு ஃபோல்டர் என்று அவற்றையும் திறந்து வைத்தது.

இன்றும் ஸ்டீமில் பட்டியல் தனி, சரக்கு தனி. ஸ்டீம்ஆப்ஸ் ஃபோல்டரில் ‘ஆப்மேனிஃபெஸ்ட்’ என்று தொடங்கும் சிறு ஃபைல்கள் வரிசையாக இருக்கும். ஒவ்வொன்றும் ஒரு கேமின் எண்ணைத் தாங்கி நிற்கும். டூமுக்கு 2280. அதை நோட்பேடில் திறந்தால் கேமின் பெயர், ஃபோல்டர் பெயர், எவ்வளவு இடம் பிடிக்கிறது என்பதெல்லாம் தெரியும். சரக்கு ஃபோல்டரைக் கையால் அழித்தால் பட்டியல் அறியாது. கேம் இருக்கிறது என்றே ஸ்டீம் நம்பிக்கொண்டிருக்கும். ஆகவே அழிப்பதென்றால் அன்இன்ஸ்டால், வேறு டிரைவுக்கு மாற்றுவதென்றால் செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பகுதி. அதுதான் சரியான வழி. ஃபோல்டரைப் பார்க்க மட்டும் வேண்டுமானால், கேம் பெயரில் ரைட் கிளிக் செய்து ‘மேனேஜ்’, பிறகு ‘பிரவுஸ் லோக்கல் ஃபைல்ஸ்’. கம்ப்யூட்டர் மாற்றும்போது காமனில் இருக்கும் ஃபோல்டரை புது இடத்தில் அதே பாதையில் வைத்து இன்ஸ்டால் அழுத்தினால், இருக்கும் ஃபைல்களைச் சரிபார்த்துவிட்டுக் குறைவதை மட்டும் இறக்கும். 55 ஜிபி கேட்கும் 2016-ஆம் ஆண்டு டூமை மறுபடி இறக்காமல் தப்பிப்பது சின்ன விஷயமில்லை.

ஆனால் பொட்டலத்திலிருந்து ஒன்று நழுவிப்போனது: நம் ஆட்டத்தின் நினைவு. பழைய டூமில் ஆறு இடங்களில் சேவ் செய்யலாம். அந்த ஆறு ஃபைலும் கேமின் ஃபோல்டரிலேயே உட்காரும். சிடியிலிருந்து ஆடினால் மட்டும், சிடியில் எழுத முடியாதென்பதால், சி டிரைவில் டூம்டேட்டா என்ற ஃபோல்டருக்குப் போகும். ஃபோல்டரை நகலெடுத்தால் விளையாட்டும் வரும், விட்ட இடமும் வரும். இன்று டாக்குமென்ட்ஸுக்குள் மை கேம்ஸ், விஸ்டாவோடு வந்த சேவ்டு கேம்ஸ், மறைந்து கிடக்கும் ஆப்டேட்டா, அதற்குள் லோக்கல்லோ என்று ஒவ்வொரு கேமும் ஒவ்வொரு மூலையில் எழுதுகிறது. புரோகிராம் ஃபைல்ஸுக்குள் கண்டவரும் எழுதக் கூடாது என்பது பாதுகாப்புக்கு நல்லதே. அதை நான் மறுக்கவில்லை. ஆனால் என் அக்கா மகன் கேம் ஃபோல்டரைக் கவனமாக நகலெடுத்து வைத்துவிட்டு, கம்ப்யூட்டரை ஃபார்மேட் செய்த பிறகு முதல் களத்திலிருந்து தொடங்க வேண்டியிருந்தபோது அவன் முகத்தைப் பார்த்தேன். அவன் ஆடிய மாதங்கள் லோக்கல்லோவில் இருந்தன.

அன்று மாலை அவனுக்கு நான் காட்டியது டூமைத்தான். காமனுக்குள் அல்டிமேட் டூம், அதற்குள் பேஸ், அதற்குள் டூம்.வாட். சுமார் 12 எம்பி. அதை ஒரு பென் டிரைவில் எடுத்து, கார்மாக் திறந்துவிட்ட நிரலிலிருந்து ரசிகர்கள் வளர்த்த ஒரு நிரலின் பக்கத்தில் வைத்தோம். அது வாட்டைக் கண்டுபிடித்துத் திறந்தது. பிறகு அவன் ஒரு எடிட்டரில் பட்டியலைத் திறந்து, ஈ1எம்1 என்ற பெயருக்கு நேரே பூஜ்யம் இருப்பதைக் காட்டி, “மாமா, இதுக்குள்ள ஒண்ணுமே இல்லையே?” என்றான். அடுத்த வரியைப் பார் என்றேன்.