எழுத்து இல்லாத புத்தகம்

தாமிரபரணி கடலோடு கலக்கிற இடத்தில் புன்னைக்காயல் என்று ஓர் ஊர். பழைய திருநெல்வேலிச் சீமையில் இருந்தது. 1986 முதல் தூத்துக்குடி மாவட்டத்தைச் சேர்ந்தது. முத்துக்குளித்த பரதவர்களின் ஊர். தமிழ் அச்சின் சரித்திரத்தை இந்த ஆற்று முகத்துவாரத்திலிருந்து ஆரம்பிப்பதே நியாயம்.

1554-ஆம் வருஷம், இந்தப் பரதவர்களை உத்தேசித்து லிஸ்பன் நகரத்தில் ஒரு ஜெபப் புத்தகம் அச்சாயிற்று. பாஷை தமிழ்தான், ஆனால் தமிழ் எழுத்தில் இல்லை. லிஸ்பனில் தமிழ் அச்செழுத்துக்கு எங்கே போவது? ரோமன் எழுத்தை இரவல் வாங்கி ஒப்பேற்றினார்கள். பாதிரியார் பார்த்துப் படிக்கலாம். ஏடு படித்த பரதவன் தன் பாஷையைக் காதால் கேட்கலாமே தவிர, கண்ணால் காண முடியாது.

இந்தக் குறையைத் தீர்க்க அண்ட்ரிக் அடிகளார் பாடுபட்டார். போர்ச்சுகல்லில் பிறந்து, முத்துக்குளித்துறையில் தங்கித் தமிழ் கற்றவர். கோவாவில் 1577-லும், கொல்லத்தில் 1578-லும் தமிழ் எழுத்துக்கள் வார்க்கப்பட்டன. 1578 அக்டோபர் 20-ந் தேதி, கொல்லத்தில் பதினாறு பக்கத்தில் 'தம்பிரான் வணக்கம்' வெளிவந்தது. பரதவர்கள் பொருளுதவி செய்தார்கள். கோவா எழுத்து இன்னது, கொல்லத்து எழுத்து இன்னது என்று கடைசிப் பக்கத்தில் இரண்டையும் காட்டியிருக்கிறார்கள். 1600-ல் புன்னைக்காயலில் அடிகளார் காலமானார்.

லிஸ்பன் புத்தகத்தின் சங்கடம் நம் காலத்தில் கம்ப்யூட்டருக்குள் திரும்பி வந்திருக்கிறது. கம்ப்யூட்டர் எழுத்தின் வடிவத்தைச் சேமிப்பதில்லை. ஓர் எண்ணைச் சேமிக்கிறது. அந்த எண்ணுக்கு வடிவம் கொடுப்பது எழுத்துரு. 1990-களில் ஒவ்வொரு நிறுவனமும் ஆங்கில எழுத்துக்குரிய எண்களில் தன் இஷ்டப்படி தமிழ் வடிவங்களை ஏற்றி வைத்தது. அந்த எழுத்துரு இல்லாத இயந்திரத்தில் அதே கோப்பைத் திறந்தால், தமிழ் போய், பொருளற்ற ஆங்கில எழுத்துக் குவியல் வந்து நிற்கும். 1999-ல் தமிழக அரசு பொது முறைகளை அறிவித்தது. 2010-ல் யூனிகோடை ஏற்றது. யூனிகோடில் ஒவ்வொரு தமிழ்க் குறிக்கும் உலகம் பூராவும் ஒரே எண். எழுத்துரு காணாமல் போனாலும், வேறொன்று அந்த இடத்தில் நிற்கும். பக்கங்கள் கொஞ்சம் இடம் மாறலாம், வாசகம் கெடாது. தமிழ் எழுத்துருவே இல்லையென்றால் வெறும் கட்டங்கள் தெரியும். அப்போதும் எண்கள் பத்திரம்.

ஆபத்து பழைய கோப்புகளுக்குத்தான். ஊர் வரலாறு, கோயில் மலர், ஆராய்ச்சிக் கட்டுரை என்று எத்தனையோ இப்படிப் பெட்டிகளில் கிடக்கின்றன. ஏட்டைக் கரையான் அரித்தால் ஓட்டையாவது தெரியும். இவை முழுசாக இருந்தபடியே வாசிக்க முடியாமல் போகின்றன. எந்த எழுத்துருவில் அடித்தது என்று தெரிந்தவர்கள் இருக்கும்போதே, மாற்றிக் கொடுக்கும் கருவிகளைக் கொண்டு யூனிகோடாக்கிவிட வேண்டும். பக்க அமைப்பு முக்கியமென்றால், எழுத்துருவையும் உள்ளே பொதிந்து பி.டி.எஃப். ஆக வைக்கலாம். இரண்டும் முடியாவிட்டால், எழுத்துருவின் பெயரையாவது கோப்போடு எழுதி வைக்கலாம். கொல்லத்து அச்சுக்கூடத்தார் தங்கள் எழுத்து எது, எங்கே, எப்போது செய்தது என்று புத்தகத்திலேயே பதித்துவிட்டுப் போனார்கள். நானூற்று நாற்பது வருஷத்துக்கு மேலாகியும் நமக்கு அது தெரிகிறது.