கூடைப்பந்தாட்டமும் நிறபேதமும்: ஜோன் மக்லெண்டனின் பயிற்றுநர் வாழ்வு பற்றிய ஒரு நோக்கு

விளையாட்டரங்கு சமுதாய முரண்பாடுகளுக்கு அப்பாற்பட்டது என்றும், அங்கு திறமை ஒன்றே அளவுகோல் என்றும் கருதுவோர் பலர். ஆடுவோரை மட்டும் நோக்கின் இக்கருத்துப் பொருந்துவது போலத் தோன்றலாம். ஆயின், ஆட்டத்தை வகுப்பவர் யார், வீரரைத் தெரிபவர் யார், அவர்களுக்குக் கட்டளையிடும் உரிமை யாருக்குரியது என்னும் வினாக்களை எழுப்பும்போது அக்கருத்தின் குறைபாடு புலனாகின்றது. ஐக்கிய அமெரிக்காவின் கூடைப்பந்தாட்ட வரலாறு இதற்குத் தக்க சான்றாகும். அந்நாட்டின் தேசியக் கூடைப்பந்தாட்டச் சங்கம் கறுப்பின வீரர்களை முதன்முதலாக 1950இல் ஏற்றுக்கொண்டது. அச்சங்கத்தின் அணியொன்றுக்குக் கறுப்பினத்தவர் ஒருவர் தலைமைப் பயிற்றுநரானது 1966இலேயாகும். இவ்விரு நிகழ்வுகளுக்கும் இடைப்பட்ட பதினாறு ஆண்டுகளின் பொருளை உணர்ந்துகொள்வதற்கு ஜோன் மக்லெண்டன் (1915–1999) என்னும் பயிற்றுநரின் வாழ்வு பெரிதும் துணைபுரிகின்றது.

மக்லெண்டன் கன்சாஸ் மாநிலத்தின் ஹயவாத்தா என்னும் ஊரிற் பிறந்தவர். கன்சாஸ் பல்கலைக்கழகத்தில் உடற்கல்வி பயின்று 1936இற் பட்டம் பெற்றார். 1891இற் கூடைப்பந்தாட்டத்தை உருவாக்கிய ஜேம்ஸ் நெய்ஸ்மித் அக்காலத்தில் அங்கு பேராசிரியராக இருந்தார். மக்லெண்டனின் கல்விக்கு வழிகாட்டியாகவும் அவரே அமைந்தார். ஆயினும் அப்பல்கலைக்கழக அணியிற் கறுப்பின மாணவர் ஆடுவதற்கு அக்காலத்தில் இடமளிக்கப்படவில்லை. ஆட்டத்தை ஆக்கியவரிடமே நேராகப் பாடங்கேட்ட மாணவன், தன் பல்கலைக்கழகத்திற்காக ஒருமுறையேனும் அவ்வாட்டத்தை ஆட முடியாதிருந்தமை அக்காலச் சமுதாய அமைப்பின் இயல்பை ஐயத்திற்கிடமின்றி உணர்த்துகின்றது. அறிவைப் பெறுவதற்கு அனுமதி இருந்தது. அதனைக் களத்திற் காட்டுவதற்கு அனுமதி இருக்கவில்லை.

அவர் தம் அறிவைப் பயன்படுத்துவதற்கு இருந்த ஒரே களம் கறுப்பின மக்களுக்கெனத் தனியாக அமைக்கப்பட்டிருந்த கல்லூரிகளேயாகும். 1896ஆம் ஆண்டின் உயர்நீதிமன்றத் தீர்ப்பு, வசதிகள் சமமாயின் இனங்களைப் பிரித்துவைத்தல் சட்டத்திற்கு மாறானதன்று எனக் கூறியிருந்தது. நடைமுறையிற் பிரிவினை நிலைத்ததேயன்றிச் சமத்துவம் நிலைபெறவில்லை. மக்லெண்டன் 1940களின் தொடக்கத்தில் வட கரோலினாவின் டேர்ஹாம் நகரிலிருந்த கறுப்பினக் கல்லூரியின் பயிற்றுநரானார். அக்காலத்தில் ஆட்டம் பொதுவாக மெதுவாக நிகழ்ந்தது. பந்தை நிதானமாகக் கைமாற்றித் தக்க வாய்ப்பிற்குக் காத்திருத்தலே வழக்கமாக இருந்தது. மக்லெண்டன் இதற்கு மாறாக, பந்து கைப்பட்ட கணமே எதிரணியின் கூடையை நோக்கி விரைதலையும், களம் முழுவதிலும் எதிரணியை நெருக்குதலையும் தம் முறையாகக் கொண்டார். இதற்கு வேண்டிய உடல்வலிமையைக் கடும் பயிற்சியால் வளர்த்தார். பின்னர் 1965இல் இம்முறை பற்றி நூலொன்றையும் எழுதினார். இன்றைய ஆட்டத்தின் பொதுவியல்பாகிய வேகத்தை வளர்த்தெடுத்தோருள் அவர் முதன்மையானவர் எனலாம்.

அதே டேர்ஹாம் நகரில் வெள்ளையருக்குரிய டியூக் பல்கலைக்கழகமும் இருந்தது. 1944 மார்ச் 12ஆம் நாள் ஞாயிறு காலை, நகர மக்கள் தேவாலயங்களிற் கூடியிருந்த வேளையில், டியூக் மருத்துவக் கல்லூரி அணியினர் மக்லெண்டனின் கல்லூரிக்கு மறைவாக வந்து சேர்ந்தனர். ஆட்டக்கூடத்தின் கதவுகள் பூட்டப்பட்டன. பார்வையாளர் அனுமதிக்கப்படவில்லை. மக்லெண்டனின் அணி 88–44 என்னும் புள்ளிகளால் வென்றது. பின்னர் இரு அணியினரும் தம்முட் கலந்து மீண்டும் ஓர் ஆட்டம் ஆடினர். நிறபேதச் சட்டங்களையும் அவற்றைக் காத்துநின்ற வன்முறையையும் கருதுமிடத்து இச்செயலின் துணிவு விளங்கும். இந்நிகழ்ச்சி 1996இலேயே பரவலாக வெளியுலகிற்குத் தெரியவந்தது. அஃதாவது, ஐம்பது ஆண்டுகளுக்கு மேலாக அவ்வெற்றி எந்தப் புள்ளிப்பட்டியலிலும் இடம்பெறவில்லை. ஒடுக்கப்பட்டோரின் சாதனைகளைப் பதிவேடுகளை மட்டும் கொண்டு அளவிட முடியாதென்பதை வரலாற்று மாணவர் இங்கு மனங்கொள்ளல் வேண்டும்.

1954இல் மக்லெண்டன் டெனசி மாநிலத்தின் நாஷ்வில் நகரிலுள்ள கறுப்பினக் கல்லூரியின் பயிற்றுநரானார். கல்விக்கூடங்களிற் பிரிவினை செல்லாதென உயர்நீதிமன்றம் தீர்ப்பளித்ததும் அவ்வாண்டிலேயாகும். சிறு கல்லூரிகளின் தேசியச் சங்கம் அதற்குச் சற்று முன்னரே கறுப்பினக் கல்லூரிகளுக்குத் தன் போட்டிகளிற் கதவு திறந்திருந்தது. போட்டிக்கு அழைக்கப்பட்டபோது, ஏனைய அணிகள் தங்கும் விடுதியிலேயே தம் அணியினரும் தங்கி உண்ண வேண்டும் என மக்லெண்டன் வற்புறுத்தினார். களத்திற் சமத்துவமும் உணவு மேசையிற் பிரிவினையும் ஒருங்கே நிலவ முடியாதென்பது அவருடைய உறுதியான நிலைப்பாடாக இருந்தது. 1957, 1958, 1959 ஆகிய மூன்று ஆண்டுகளிலும் அவரது அணி தொடர்ந்து தேசிய வெற்றிக் கிண்ணத்தைக் கைப்பற்றியது.

இத்தகைய தகுதியுடைய பயிற்றுநர் ஒருவரைத் தொழின்முறை ஆட்டவுலகம் எவ்வாறு நடத்தியது என்பதே இங்கு முதன்மையான வினாவாகும். கறுப்பின வீரர் மட்டுமே கொண்ட டேய்ற்றன் ரென்ஸ் அணி 1948–49இல் வெள்ளையரின் தொழின்முறைக் கழகமொன்றில் இடம்பெற்றபோது, அதற்குக் கறுப்பினத்தவரான பொப் கேற்ஸ் பயிற்றுநராக இருந்தார். இரு இன வீரரும் கலந்த தொழின்முறை அணியொன்றைக் கறுப்பினத்தவர் வழிநடத்துதல் அதனின் வேறான நிலையாகும். 1961இல் தொடங்கிய அமெரிக்கக் கூடைப்பந்தாட்டக் கழகத்தின் கிளீவ்லண்ட் பைப்பர்ஸ் அணியில் மக்லெண்டன் அந்நிலையை அடைந்தார். ஆனால், வீரர்களின் சம்பளம் தொடர்பாக எழுந்த பிணக்கும், உரிமையாளர் ஜோர்ஜ் ஸ்ரைன்பிரெனரின் தலையீடும் காரணமாக அவர் 1962 ஜனவரியிற் பதவி விலகினார். அவருக்குப் பின் பொறுப்பேற்ற பில் ஷார்மனின் கீழ் அவ்வணி அப்பருவத்தின் வெற்றிக் கிண்ணத்தைப் பெற்றது. அக்கழகமும் அவ்வாண்டின் இறுதியிலேயே மறைந்தது.

1966ஆம் ஆண்டு இவ்வரலாற்றில் ஒரு திருப்புமுனையாகும். பொஸ்ரன் செல்ரிக்ஸ் அணியின் பெருவீரர் பில் ரஸல் அவ்வாண்டிலே அவ்வணியின் பயிற்றுநராக நியமிக்கப்பட்டுத் தேசியச் சங்கத்தின் முதலாவது கறுப்பினத் தலைமைப் பயிற்றுநரானார். அவர் தாமும் ஆடிக்கொண்டே 1968, 1969 ஆகிய ஆண்டுகளில் அணியை வெற்றிபெறச் செய்தார். அதே 1966இல் மக்லெண்டன் கிளீவ்லண்ட் அரச பல்கலைக்கழகத்தின் பயிற்றுநராகி, வெள்ளையர் பெரும்பான்மையாகப் பயின்ற பல்கலைக்கழகமொன்றில் அப்பதவியை வகித்த முதலாவது கறுப்பினத்தவரானார். பின்னர் 1969இல் மற்றொரு தொழின்முறைக் கழகத்தைச் சேர்ந்த டென்வர் ரொக்கெற்ஸ் அணியை ஏற்றார். 28 ஆட்டங்களில் 9 வெற்றியும் 19 தோல்வியும் பெற்ற நிலையில் அவர் நீக்கப்பட்டார். அடுத்து வந்தவரின் கீழ் அவ்வணி 42 ஆட்டங்களில் வென்று 14இல் மட்டுமே தோற்றது.

இப்புள்ளிவிபரங்கள் நிர்வாகத்தின் முடிவை நியாயப்படுத்துவன என வாதிடலாம். அவ்வாதத்தை முற்றாகத் தள்ளிவிட முடியாது. எனினும் ரஸலின் நிலையையும் மக்லெண்டனின் நிலையையும் ஒப்புநோக்குதல் பயனுடையது. ரஸல் வெற்றிகளாற் புகழீட்டிய அணியொன்றை, தம்மை முற்றாக நம்பிய நிர்வாகத்தின் துணையுடன் பொறுப்பேற்றார். தம் முதலாவது பருவத்தில் வெற்றிக் கிண்ணத்தை இழந்த பின்னரும் அவர் பதவியிற் தொடர்ந்தார். மக்லெண்டனோ, இரு தொழின்முறை அணிகளில் ஒரு முழுப்பருவத்தையேனும் நிறைவுசெய்யும் வாய்ப்பைப் பெறவில்லை. பயிற்றுநரின் அதிகாரம் ஆட்ட அறிவிலிருந்து மட்டும் பிறப்பதன்று. தோல்வியிலும் தொடர்வதற்குரிய கால அவகாசத்தை நிர்வாகம் வழங்கும்போதே அது முழுமை பெறுகின்றது. வெல்வதற்கான உரிமையை மட்டும் வழங்கி, தோற்றுத் திருந்துவதற்கான உரிமையை வழங்காத சமத்துவம் அரைச் சமத்துவமேயாகும்.

நெய்ஸ்மித்தின் பெயர்தாங்கிய கூடைப்பந்தாட்டப் புகழவை 1979இல் மக்லெண்டனை ஆட்டத்தின் வளர்ச்சிக்குப் பங்களித்தவர் என்னும் வகையில் ஏற்றுக்கொண்டது. பயிற்றுநர் என்னும் வகையில் அவரை ஏற்றுக்கொண்டது 2016இலேயாகும். அதற்குப் பதினேழு ஆண்டுகளுக்கு முன்னரே அவர் மறைந்துவிட்டார். தம் ஆசிரியரின் பெயரிலமைந்த மன்றத்திலேயே அவருடைய தொழிலின் பெயர் அவருக்கு வழங்கப்படுவதற்கு இத்துணைக் காலம் சென்றது.

ஒடுக்கப்பட்ட மக்களின் உடலாற்றலை ஏற்பதற்கு ஆதிக்க சமுதாயங்கள் பெரும்பாலும் விரைவில் இசைகின்றன; அவர்களின் அறிவுத் தலைமையை ஏற்பதற்கே நெடுங்காலம் தயங்குகின்றன. 1950க்கும் 1966க்கும் இடைப்பட்ட காலம் அத்தயக்கத்தின் அளவாகும். மக்லெண்டனின் வாழ்வு அத்தயக்கத்தினால் இழக்கப்பட்டவை எவை என்பதை நமக்கு உணர்த்துகின்றது.