அரசு வேலைக்குத் தேர்வாகவில்லையா? நியூசிலாந்தில் கேள்வி கேட்க உள்ள வழிகள்

டிஎன்பிஎஸ்சி தேர்வில் அநீதி நடந்ததாக நினைப்பவர் சென்னை உயர் நீதிமன்றத்திலோ அதன் மதுரைக் கிளையிலோ ரிட் மனு போடுவார். இலங்கையில் அரச நியமனத்தில் பாகுபாடு நடந்தால், ஒரு மாதத்துக்குள் நாட்டின் அதியுயர் நீதிமன்றத்தில் அடிப்படை உரிமை மீறல் மனு தாக்கல் செய்யலாம். அந்த அனுபவத்தோடு ஆக்லாந்துக்கு வந்த நம்மவர்கள் முதலில் அறிய வேண்டியது, இங்கே வழக்கு கடைசி வழி என்பதுதான்.

அடிப்படை வேறுபாடு

இந்தியாவில் போட்டித் தேர்வு, மதிப்பெண், தரவரிசை, இடஒதுக்கீடு எல்லாம் எழுத்தில் இருக்கும். அதனால் வழக்குகளும் விதிகளைச் சுற்றியே நடக்கும். ஆட்சேர்ப்பு தொடங்கிய பின், விதி இடம் தராதபோது தகுதி நிபந்தனைகளை நடுவில் மாற்றக் கூடாது என்று இந்திய உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகள் அமர்வு 2024 நவம்பரில் கூறியது. எதிர்ப்புச் சொல்லாமல் நேர்முகத் தேர்வில் கலந்துகொண்டு, தோற்ற பிறகு அந்த முறையே தவறு என்று வாதிட முடியாது என்பது 1995 மதன் லால் வழக்கின் தீர்ப்பு.

நியூசிலாந்தில் பொதுவான மதிப்பெண் பட்டியல் கிடையாது. பொதுச் சேவைச் சட்டம் 2020, பதவிக்கு மிகப் பொருத்தமானவருக்கே முன்னுரிமை தர வேண்டும் என்கிறது. 'மிகப் பொருத்தம்' என்பது தேர்வுக் குழுவின் கணிப்பு. அதைக் கேள்வி கேட்க, அது எப்படி எடுக்கப்பட்டது என்ற ஆவணம் கையில் வேண்டும்.

முதல் வழி: தகவல்

தனியுரிமைச் சட்டம் 2020-இன்படி உங்களைப் பற்றிய நேர்முகக் குறிப்புகளையும் மதிப்பீட்டையும் கேட்கலாம். 20 வேலை நாட்களுக்குள் பதில் வர வேண்டும். பரிந்துரையாளர் இரகசியமாகச் சொன்னது போன்றவற்றை மறைக்க இடமுண்டு. தேர்வு நடைமுறை பற்றிய பொதுவான விவரங்களை அதிகாரபூர்வத் தகவல் சட்டம் 1982-இன் கீழ் கேட்கலாம். ஆக்லாந்து கவுன்சில் வேலையானால் அதற்கு 1987-ஆம் ஆண்டின் தனிச் சட்டம் உண்டு. இங்கே வசிப்பவர் விசாவில் இருந்தாலும் கேட்கலாம். தகவல் சட்டங்களின் கீழ் மறுத்தால் ஒம்புட்ஸ்மனிடமும், தனியுரிமைச் சட்டத்தின் கீழ் மறுத்தால் தனியுரிமை ஆணையரிடமும் கட்டணமின்றி முறையிடலாம்.

இரண்டாவது: மறுஆய்வு

ஒவ்வொரு அரசுத் திணைக்களமும் நியமனங்களை மறுஆய்வு செய்ய ஒரு நடைமுறை வைத்திருக்க வேண்டும். ஆனால் அதைக் கோரும் உரிமை அந்தத் திணைக்களத்தில் ஏற்கெனவே வேலை செய்பவருக்கு மட்டுமே. வெளியிலிருந்து விண்ணப்பித்தவருக்கு இந்தக் கதவு இல்லை. பதவி உயர்வு மறுக்கப்பட்ட ஊழியர், வேலை உறவுகள் சட்டம் 2000-இன் கீழ் தனிப்பட்ட குறைப் புகாரும் எழுப்பலாம். அதற்குப் பொதுவான கெடு 90 நாள்.

மூன்றாவது: பாகுபாடு

வெளி விண்ணப்பதாரருக்கு உள்ள வலுவான வழி இதுதான். மனித உரிமைச் சட்டம் 1993 இனம், நிறம், தேசிய மூலம், மதம், வயது, பாலினம் போன்ற காரணங்களால் வேலை மறுப்பதைத் தடுக்கிறது. எல்லோருக்கும் பொதுவாகத் தோன்றும் நிபந்தனை ஓர் இனத்தாரை மட்டும் பாதித்து, அதற்கு நல்ல காரணமும் இல்லையென்றால், அதுவும் மறைமுகப் பாகுபாடு. 'நியூசிலாந்து அனுபவம் தேவை' என்ற வரியை இந்தக் கண்ணோட்டத்தில் படித்துப் பார்க்கலாம். மனித உரிமை ஆணையத்தின் சமரச உதவி இலவசம். அங்கே தீராவிட்டால் மனித உரிமை மறுஆய்வுத் தீர்ப்பாயத்துக்குப் போகலாம். ஓராண்டுக்கு மேல் பழைய புகாரை ஆணையம் ஏற்காமல் விடலாம்.

கடைசியாக: உயர் நீதிமன்றம்

நீதிப் புனராய்வு கோரலாம். ஆனால் யார் சிறந்தவர் என்று நீதிமன்றம் முடிவு செய்யாது. முடிவு சட்டப்படி எடுக்கப்பட்டதா என்றே பார்க்கும். வென்றாலும் பெரும்பாலும் முடிவை மறுபடி எடுக்கச் சொல்வார்கள், வேலையைக் கையில் தர மாட்டார்கள். தோற்றால் எதிர்த்தரப்பின் செலவும் தலையில் விழலாம்.

எனவே விண்ணப்பிக்கும் அன்றே விளம்பரத்தையும் பணி விவரத்தையும் சேமித்து வையுங்கள். கெடு முடிந்ததும் அவை இணையத்திலிருந்து மறைந்துவிடும். நிராகரிப்பு வந்த வாரமே காரணத்தை மின்னஞ்சலில் கேளுங்கள். தொலைபேசியில் சொன்னதைத் தேதியோடு குறித்துக்கொள்ளுங்கள். பிறகு, கெடு நாட்கள் கரைவதற்குள், ஆக்லாந்தில் உள்ள சமூகச் சட்ட மையம் ஒன்றில் இலவச ஆலோசனை பெறுங்கள். அடுத்த நேர்முகத்துக்குத் தயாராகவும் அந்தக் குறிப்புகள் உதவும்.