ஏசாயாவை வரிபிரித்தவர்

எபிரேயத் தீர்க்கதரிசன நூல்களை நெடுங்காலம் பலரும் உரைநடையாகவே வாசித்தனர். 1741ஆம் ஆண்டு ஆக்ஸ்போர்டில் கவிதைப் பேராசிரியரான இராபர்ட் லௌத் அவ்வாசிப்பை மாற்றினார். இலத்தீனில் அவர் ஆற்றிய விரிவுரைகள் 1753இல் நூலாயின. (1762இல் ஆங்கில இலக்கணம் எழுதியவரும் இவரே.) எபிரேயப் பாவில் சீர்க்கணக்கைத் தேடி அலுத்தவர்களுக்கு அவர் வேறொன்றைக் காட்டினார். ஓரடி கூறியதை அடுத்த அடி ஒத்தோ, முரணியோ, வளர்த்தோ கூறும் இணைநிலை அது. தீர்க்கதரிசிகளிடமும் அதுவே உண்டெனக் கண்டு, 1778இல் ஏசாயாவை வரிபிரித்து மொழிபெயர்த்து வெளியிட்டார்.

முழுப் புகழும் அவருக்கே உரியதன்று. ஒரே பொருள் வேறு சொற்களில் இரட்டித்து வருவதை இடைக்கால யூத உரையாசிரியர் தாவீது கிம்கி முன்பே குறித்திருந்தார். கிம்கிக்கு அது பொருள்கொள்ளும் நெறி. லௌத்துக்கோ செய்யுளின் அடிப்படை. லௌத்தின் மூன்றாம் வகை, முதலிரண்டில் அடங்காதவற்றையெல்லாம் இட்டுவைத்த கூடை என்பது என் கருத்து.

1981இல் ஜேம்ஸ் கூகல் இன்னும் வலுவாக மறுத்தார். இரண்டாம் அடி முதலடியைத் திரும்பக் கூறுவதில்லை. அதனை மிஞ்சிச் செல்கிறது என்றார். மூவகைகளை மட்டும் மனப்பாடம் செய்யும் மாணவர் தவறவிடுவது இதனைத்தான். செய்யுளுக்கும் உரைநடைக்கும் இடையே எபிரேயத்தில் கூரிய எல்லை இல்லை என்பதும் அவர் வாதம். அவ்வாறாயின், லௌத் வரிபிரித்த ஏசாயா மீண்டும் ஆய்வுக்கு உரியதாகிறது.